மூன்று கேள்வியில் மருமகன்

மட்டக்களப்பு மாவட்டத்தில் யாராவது ஒருவரை மனதில் நினைத்துக்கொள்ளுங்கள். ஓட்டமாவடியில் கடை வைத்திருப்பவராக இருக்கலாம். வெல்லாவெளியில் வயல் செய்பவராக இருக்கலாம். புளியந்தீவில் வங்கிக்கு வேலைக்குப் போய்வரும் பெண்ணாகவும் இருக்கலாம். பெயரைச் சொல்லாதீர்கள். நான் கேட்பதற்கெல்லாம் 'ஓம்' அல்லது 'இல்லை' என்று மட்டும் சொல்லுங்கள். 2012ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் இம்மாவட்டத்தின் மக்கள்தொகை ஏறத்தாழ 5 இலட்சத்து 25 ஆயிரம். அத்தனை பேருக்குள் உங்கள் ஆளைப் பிடிக்க எனக்கு எத்தனை கேள்விகள் வேண்டும்?

ஆயிரக்கணக்கில் வேண்டும் என்றுதான் முதலில் தோன்றும். உண்மையில் 19 கேள்விகள் போதும். அதிர்ஷ்டம் இல்லாவிட்டால் இன்னும் ஒன்று. ஒவ்வொரு கேள்வியும் மிச்சமிருப்பவர்களைச் சரிபாதியாகப் பிரிக்கும்படி கேட்க வேண்டும், அவ்வளவுதான். முதல் கேள்வியில் பாதிப்பேர் போய்விடுவார்கள், இரண்டாவதில் மிச்சத்தில் பாதி. ஒன்றை இரண்டால் பெருக்கிக்கொண்டே 19 தடவை போனால் வரும் எண் 5,24,288. கிட்டத்தட்ட மாவட்டத்தின் தலைக்கணக்கு! உலகத்தின் எண்ணூறு கோடிச் சொச்சம் பேருக்கும் சேர்த்து விளையாடினாலும் 33 கேள்விகளைத் தாண்டாது.

இந்தக் கணக்கை ஓர் அறிவியலாக்கியவர் அமெரிக்காவின் பெல் ஆய்வுக்கூடத்தில் இருந்த கிளோட் ஷனன். 1948இல் அவர் வெளியிட்ட கட்டுரையில்தான் 'பிட்' என்ற அலகு அச்சேறியது. இரண்டில் எது என்று தெரியாத ஒன்றை ஒரேயொரு 'ஓம்' தீர்த்துவைக்குமானால், அது தந்த தகவலின் அளவு ஒரு பிட். ஆக, மட்டக்களப்பார் ஒருவர் இன்னார் என்று அறுதியிட 19 பிட் தகவல் வேண்டும். கைத்தொலைபேசியில் எடுக்கும் ஒரு படத்தில் கோடிக்கணக்கான பிட்டுகள் அடங்கும். ஒரு மனிதரின் 'இன்னார்' என்பது அதற்குள் ஒரு மூலையில் அடங்கிவிடும்.

இனி கல்முனையிலிருந்து மட்டக்களப்புக்குப் போகும் பேருந்தில் ஏறுங்கள். வயதான ஒரு பெண்மணிக்கு இளைஞன் ஒருவன் எழுந்து இடம் கொடுக்கிறான். ஒருவரை ஒருவர் முன்பின் கண்டதில்லை. பேச்சு பெரும்பாலும் இப்படிப் போகும்:

"தம்பி எவடம்?"

"கொக்கட்டிச்சோல, அம்மா."

"அங்க ஆர்ர மகன்?"

அவன் சொல்கிறான். அவருக்குத் தெரியவில்லை.

"அம்மாக்கள் எந்தக் குடி?"

"காலிங்கா குடி."

"அப்பா?"

"உலகிப்போடி."

"அப்ப நம்மட ஆள்தானே. நானும் உலகிப்போடி. நீ நமக்கு மருமகன் முறை, மனே."

பேருந்து அடுத்த தரிப்பிடத்துக்கு வருவதற்குள் ஓர் அந்நியன் மருமகனாகிவிட்டான். இதை வம்பளப்பு என்று நினைப்பவர்கள் உண்டு, குறிப்பாகக் கொழும்பில் கொஞ்சக் காலம் இருந்துவிட்டுத் திரும்பியவர்கள். நான் அப்படி நினைக்கவில்லை. இந்தச் சில வாக்கியங்களுக்குள் தகவலியலும், வலையமைப்புக் கணிதமும், எதிர்மறை எண்களின் பெருக்கலும் ஓடுகின்றன. கேட்டவருக்கும் சொன்னவருக்கும் அது தெரிந்திருக்கத் தேவையில்லை.

முதற் கேள்வியின் வேலையைப் பாருங்கள். கொக்கட்டிச்சோலை போன்ற ஓர் ஊரில் 2,000 பேர் என்று ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம். 'எவடம்?' என்ற ஒற்றைச் சொல்லுக்குப் பதில் கிடைத்ததும் 5 இலட்சத்து 25 ஆயிரம் பேர் 2,000 பேராகச் சுருங்கிவிடுகிறார்கள். அதாவது 8 பிட். 19இல் 8 ஒரே மூச்சில் முடிந்துவிட்டது. 'ஓம்–இல்லை' விளையாட்டில் இதற்கு எட்டுக் கேள்விகள் செலவாகியிருக்கும். பதிலுக்கு நூற்றுக்கணக்கான வாய்ப்புகள் இருக்கும் கேள்விதான் கொழுத்த கேள்வி.

எல்லாக் கேள்வியும் இப்படிக் கொழுத்தவை அல்ல. மட்டக்களப்பு வாவி கடலை ஒட்டியபடி சுமார் 56 கிலோமீட்டர் நீளத்துக்குக் கிடக்கிறது. வாவிக்கும் கடலுக்கும் நடுவிலுள்ள ஒடுங்கிய மணல் நிலம் எழுவான்கரை. சூரியன் எழும் பக்கம். வாவிக்கு மேற்கே வயலும் காடுமாக விரிவது படுவான்கரை. 'எழுவானா, படுவானா?' என்று கேட்டால் இரண்டே பதில்கள், ஆகவே அதிகம் போனால் ஒரு பிட். ஆனால் அதுகூட முழுதாகக் கிடைக்காது. சனம் நெருங்கி வாழ்வது எழுவான்கரையில். கேட்பதற்கு முன்பே பதிலை ஓரளவு ஊகிக்கலாம். ஊகிக்கக்கூடிய பதில் குறைந்த தகவலையே தரும் என்பதும் ஷனன் காட்டியதுதான். பேருந்துப் பெண்மணி அந்தக் கேள்வியைத் தொடவேயில்லை என்பதைக் கவனித்தீர்களா?

இப்போது குடி. மட்டக்களப்பு வாழ்க்கையின் நடுத்தூண் இது. ஒவ்வொருவரும் பிறக்கும்போதே ஒரு குடியைச் சேர்ந்தவர். அது தாயிடமிருந்து வருவது. தாய் காலிங்கா குடி என்றால் பிள்ளைகள் அத்தனை பேரும் காலிங்கா குடி. மகள் அதைத் தன் பிள்ளைகளுக்குக் கொடுப்பாள். மகனால் கொடுக்க முடியாது. ஒரே குடிக்குள் கலியாணம் இல்லை. முக்குவர் என்ற சாதியினர் நடுவே பேசப்படும் குடிகள் ஏழு: உலகிப்போடி, காலிங்கா, படையாண்ட, பணிக்கனார் என்று பட்டியல் போகும். ஏழு என்ற கணக்கு ஒன்றுதான், பெயர்கள் ஊருக்கு ஊர் கொஞ்சம் மாறும். வேளாளருக்கும் பிறருக்கும் வேறு குடிகள் உண்டு.

இது தமிழ் இந்துக்களின் ஏற்பாடு மட்டும் அல்ல. இக்கரையோர முஸ்லிம்களுக்கும் குடி உண்டு, அதுவும் தாய்வழியிலேயே. பொன்னாச்சி குடி, வரிசைநாச்சி குடி, ராசாம்பிள்ளை குடி என்று பெயர்களைக் கேட்டாலே பழைய பாட்டிமாரின் குரல் கேட்கும். பள்ளிவாசல் நிர்வாகத்தில் மரைக்கார்கள் குடி வாரியாக இடம்பெறும் வழக்கமும் இங்கே இருந்து வந்தது. கோயிலில் குடிக்கு இன்னும் கூர்மையான இடம். கொக்கட்டிச்சோலைத் தான்தோன்றீஸ்வரர் போன்ற பெருங்கோயில்களில் எந்தக் குடிக்கு எந்தத் திருவிழா, காளாஞ்சி யாருக்கு முதலில் என்பதெல்லாம் வரிசைப்படி. அந்த வரிசையில் ஒரு பிசகு நேர்ந்தால் வழக்கு நீதிமன்றம் வரை போகும். அமெரிக்க மானிடவியலாளர் டெனிஸ் மக்கில்வ்ரே 1969இல் அக்கரைப்பற்றுக்கு வந்து ஆய்வைத் தொடங்கினார். தமிழரும் முஸ்லிம்களும் ஒரே குடி முறையைப் பகிர்ந்துகொள்வதை விரிவாக எழுதியவர் அவர். 2008இல் வெளிவந்த அவருடைய பெரிய நூலில் பல அத்தியாயங்கள் இதற்கே போய்விட்டன.

குடிப்பெயர் ஒன்றின் கொள்ளளவு என்ன? ஏழில் ஒன்று என்றால் ஏறத்தாழ 2.8 பிட். ஊரால் 2,000 ஆகச் சுருங்கியவர்கள் குடியால் 300க்கும் கீழே வந்துவிடுவார்கள். அதன் பிறகு 'ஆர்ர மகன்?' என்பதற்கு ஒரு பெயர் கிடைத்தால் ஒரு வீட்டுக்குள் வந்தாயிற்று. மூன்று கேள்விகள், 19 பிட்டில் கிட்டத்தட்ட முழுதும்.

ஆனால் குடியின் உண்மையான சாமர்த்தியம் ஆளைச் சுருக்குவதில் இல்லை. அது மறதியைத் தாங்கும். யாழ்ப்பாணத்திலோ தஞ்சாவூரிலோ இரண்டு பேர் தாங்கள் உறவா என்று பார்க்க வேண்டுமானால், இருவருக்கும் பொதுவான ஒரு மூத்தவரைத் தேடிப் பிடிக்க வேண்டும். நான்கு தலைமுறைக்கு மேல் யாருக்குப் பெயர் ஞாபகம் இருக்கிறது? குடிக்கு அந்த ஞாபகமே தேவையில்லை. எத்தனை தலைமுறையின் தாய்மாரை மறந்திருந்தாலும், கடைசித் தாய் கொடுத்த ஒற்றைச் சொல் போதும்.

இதே வழியில் இன்னொரு சொத்தும் கைமாறுகிறது. நம் உடலின் கலங்களுக்குள் இழைமணிகள் என்ற நுண்ணிய உறுப்புகள் உண்டு. உண்ட உணவிலிருந்து கலத்துக்குச் சக்தி செய்து கொடுப்பவை அவை. அவற்றுக்குத் தனியாக ஒரு குட்டி மரபேடு இருக்கிறது. 16,569 எழுத்துகள் கொண்டது. அது தாயிடமிருந்து மட்டுமே பிள்ளைக்கு வரும். மகனுக்கும் கிடைக்கும், ஆனால் அவனோடு நின்றுவிடும். மகள் வழியாகத் தொடரும். குடி போகும் பாதையும் அச்சொட்டாக இதுவேதான். 1987இல் கலிபோர்னியாவில் மூன்று ஆய்வாளர்கள் உலகெங்குமிருந்து 147 பேரின் இழைமணி மரபேட்டை ஒப்பிட்டு, எல்லாருடைய தாய்வழியும் ஆபிரிக்காவில் ஏறத்தாழ 2 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த ஒருத்தியிடம் போய்ச் சேருகிறது என்றார்கள். நுணுக்குக்காட்டியும் இரசாயனமும் இல்லாத காலத்திலேயே அந்தத் தாய்வழிக்குப் பெயரிட்டு வைத்திருந்த ஊர் இது.

சொத்தும் ஒரு காலத்தில் இப்படியே போனது. முக்குவர் சட்டத்தின்படி முதுசம் ஒருவரின் சொந்தப் பிள்ளைகளுக்கு அல்ல, சகோதரியின் பிள்ளைகளுக்கு. கிறிஸ்டோபர் பிரிட்டோ அந்தச் சட்டத்தைத் தொகுத்து நூலாக்கியது 1876இல். வேடிக்கை என்னவென்றால், அதே 1876இன் 15ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் அதை வழக்கொழியச் செய்தது. சட்டம் போனாலும் வீடு போகவில்லை. இன்றும் இந்தப் பகுதியில் வீடும் வளவும் பெரும்பாலும் மகளுக்கே சீதனமாக எழுதப்படுகின்றன. மாப்பிள்ளை பெண்வீட்டுக்கு வருகிறார். அக்காவின் வீட்டுக்குப் பக்கத்து வளவில் தங்கச்சியின் வீடு, அதற்குப் பின்னால் சின்னம்மாவின் வீடு.

வீட்டின் இந்த ஒழுங்கு வலையமைப்புக் கணிதத்தில் ஒரு பெரிய கண்டுபிடிப்போடு போய் முட்டுகிறது. 1998இல் டங்கன் வாட்ஸ், ஸ்டீவன் ஸ்ட்ரோகட்ஸ் என்ற இருவர் 'நேச்சர்' இதழில் ஒரு சிறிய கட்டுரை எழுதினார்கள். 1,000 பேரை வட்டமாக நிறுத்துங்கள். ஒவ்வொருவருக்கும் பக்கத்திலுள்ள 10 பேரை மட்டும் தெரியும். ஒரு செய்தி கைமாறிக் கைமாறி ஒருவரிடமிருந்து எவரோ ஒருவரிடம் போய்ச்சேர, சராசரியாக 50 கைகள் தேவை. இப்போது நூற்றில் ஒரு இணைப்பை மட்டும் அவிழ்த்து, வட்டத்தில் எங்கோ தொலைவிலுள்ள ஒருவரோடு கட்டிவிடுங்கள். பக்கத்து வீட்டு நெருக்கம் அப்படியே இருக்கும். ஆனால் சராசரித் தூரம் 50இலிருந்து ஏறத்தாழ 10க்கு விழுந்துவிடும். இதுதான் 'சிறு உலகம்': அக்கம்பக்கத்தில் இறுக்கம், அங்கொன்று இங்கொன்றாக நீண்ட குறுக்குவழி.

மட்டக்களப்பில் இறுக்கத்தைத் தருபவர்கள் பெண்கள்; அடுத்தடுத்த வளவுகளில் சகோதரிகள். குறுக்குவழியாக நடந்து போகிறவர்கள் ஆண்கள். களுவாஞ்சிக்குடியில் பிறந்தவர் படுவான்கரையில் மாப்பிள்ளை. வாரக்கடைசியில் தாய்வீட்டுக்கு மோட்டார்சைக்கிள் எடுக்கிறார். கலியாணங்களில் பெரும்பாலானவை பக்கத்து ஊர்களுக்குள் முடிந்துவிடுபவைதான். அது பரவாயில்லை. வாவியைத் தாண்டும் ஒரு சிலரே போதும் என்பதல்லவா அந்தக் கணக்கு?

ஆனால் குறுக்குவழி இருப்பது ஒன்று, அதைக் கண்டுபிடிப்பது வேறு. அமெரிக்க உளவியலாளர் ஸ்டான்லி மில்கிரம் 1960களில் ஒரு பரிசோதனை செய்தார். பொஸ்டன் பகுதியில் இருக்கும் ஒரு தரகருக்கு ஒரு கோப்பைச் சேர்க்க வேண்டும். நேரே அனுப்பக் கூடாது, நேரில் பழகிய ஒருவர் மூலமாக மட்டுமே. 1969இல் வெளியான முடிவில், 296 பேரோடு தொடங்கியதில் 64 கோப்புகள்தான் போய்ச்சேர்ந்தன. சேர்ந்தவற்றுக்கு இடையில் சராசரியாக ஐந்து பேர். 'ஆறு கைகளில் உலகம்' என்று எல்லோரும் பேசுவது அந்த 64ஐ வைத்து. எனக்கு வியப்பூட்டுவது, வழி தெரியாதவர்கள் அந்த வழியை எப்படிப் பிடித்தார்கள் என்பதே. யாரிடமும் முழு வரைபடம் இல்லை. ஒவ்வொருவருக்கும் தன் கைக்கெட்டும் ஆட்களை மட்டுமே தெரியும்.

2002இல் வாட்ஸ் மேலும் இருவரோடு சேர்ந்து இதற்கு ஒரு விடை கொடுத்தார். மனிதர்கள் ஒரே ஒரு அடையாளத்தோடு வாழ்வதில்லை. ஊர் ஒன்று, தொழில் ஒன்று, குடும்பம் ஒன்று என்று பல பெட்டிகளில் ஒரே நேரத்தில் இருக்கிறார்கள். ஊரால் தொலைவில் இருப்பவர் தொழிலால் பக்கத்தில் இருப்பார். இரண்டு அல்லது மூன்று அடையாளங்களைச் சேர்த்துப் பார்க்கும்போது தேடல் மிக நன்றாக நடக்கிறது என்றது அவர்களுடைய கணிதம். ஒன்று மட்டும் என்றால் தடுக்கி விழும். அளவுக்கு மிஞ்சினால் நெருக்கம் சிதறிப்போகும். 'எவடம், ஆர்ர மகன், எந்தக் குடி' என்ற மூன்றை அந்தக் கட்டுரையாளர்கள் கேள்விப்பட்டிருக்க வாய்ப்பில்லை.

இதுவரை ஆளைக் கண்டுபிடித்தோம். ஆனால் பேருந்துப் பெண்மணிக்கு அவன் யார் என்பதைவிட, அவனை எப்படிக் கூப்பிடுவது என்பதே முக்கியம். 'மருமகன் முறை' எங்கிருந்து வந்தது? அவனுடைய அப்பா உலகிப்போடி குடி, பெண்மணியும் அதே குடி. ஆகவே அப்பா அவருக்குத் தம்பியோ அண்ணனோ முறை. சகோதரனின் மகன் ஒரு பெண்ணுக்கு மருமகன். அம்மாவும் அப்பெண்மணியும் ஒரே குடியாக இருந்திருந்தால் அவன் மகன் முறை. ஒரு விடை மாறினால் உறவே மாறிவிடும்.

தமிழ் உறவுமுறையின் அடியில் இருப்பது இரண்டே பெட்டிகள். ஒன்றில் அண்ணன் தம்பி, பெரியப்பா, சின்னம்மா. இன்னொன்றில் மச்சான், மச்சாள், மாமா, மாமி. உலகத்தில் உள்ள எவரையும் இந்த இரண்டில் ஒன்றில் போட்டுவிடலாம். எந்தப் பெட்டி என்று கண்டுபிடிக்கும் விதி பாடசாலையில் படித்ததுதான். அண்ணனின் அண்ணன் அண்ணன். அண்ணனின் மச்சான் மச்சான். மச்சானின் அண்ணன் மச்சான். மச்சானின் மச்சான்? கலியாணம் செய்தவர்கள் உடனே சொல்வார்கள். மனைவியின் சகோதரன் எனக்கு மச்சான். அவனுடைய இன்னொரு சகோதரியைக் கட்டியவர் அவனுக்கு மச்சான். அந்த மனிதர் எனக்குச் சகலன், அதாவது அண்ணன் தம்பி முறை. அண்ணன் பெட்டியைச் சகம் (+) என்றும் மச்சான் பெட்டியைச் சயம் (−) என்றும் வைத்துக்கொண்டால், சகத்தைச் சகத்தால் பெருக்கினால் சகம், சயத்தைச் சயத்தால் பெருக்கினாலும் சகம். எதிர்மறை எண்களின் பெருக்கல் விதியைப் படிக்கத் திணறுகிற பிள்ளை, வீட்டு விசேஷத்தில் அதே விதியைத் தடுமாறாமல் பாவிக்கும்.

லூயிஸ் ஹென்றி மோர்கன் என்ற நியூயோர்க் வழக்கறிஞர் அங்குள்ள செனக்கா பழங்குடியினரின் உறவுச் சொற்களைச் சேகரித்துக்கொண்டிருந்தார். அப்பாவின் சகோதரன் அவர்களுக்கு இன்னோர் அப்பா, அம்மாவின் சகோதரன் வேறு ஆள். 1859இல் தமிழ்நாட்டில் பணியாற்றிய ஸ்கடர் என்ற மிஷனரியிடமிருந்து தமிழ் உறவுச் சொற்கள் அவருக்குக் கிடைத்தபோது அசந்துபோனார். அந்தப் பிரிவு தமிழிலும் அப்படியே இருந்தது. இதை வைத்துச் செனக்காக்கள் ஆசியாவிலிருந்து வந்ததற்குச் சான்று கிடைத்துவிட்டது என்று அவர் நம்பியது மிகை. நுணுகிப் பார்த்தால் இரண்டு முறைகளும் தூரத்து உறவுகளில் பிரிந்துபோகின்றன. ஆனால் உறவுமுறையை ஓர் ஒழுங்கான அமைப்பாக ஆராயும் துறை அங்கேதான் பிறந்தது; அதன் தொட்டிலில் தமிழ்ச் சொற்கள் கிடந்தன.

கேள்வி கேட்டு உறவு காணும் இந்த யந்திரத்துக்குப் பிழை பிடிக்கும் பாகமும் உண்டு. அரசாங்கத்தின் அடையாள எண்ணை எடுத்துக்கொள்ளுங்கள். இலங்கையில் தேசிய அடையாள அட்டை 1972இல் வந்தது. பழைய எண்ணில் ஒன்பது இலக்கங்களும் ஓர் எழுத்தும். முதல் இரண்டு இலக்கங்கள் பிறந்த ஆண்டு. அடுத்த மூன்றும் அந்த ஆண்டின் எத்தனையாவது நாள் என்பது. பெண்ணாக இருந்தால் அதோடு 500ஐக் கூட்டிவிடுவார்கள். பெப்ரவரி 1இல் பிறந்த ஆணுக்கு 032, பெண்ணுக்கு 532. ஒன்பதாவது இலக்கம் சரிபார்ப்பு இலக்கம்: மற்ற எட்டையும் வைத்துக் கணக்கிட்டு வருவது. எங்காவது ஓர் எண்ணைத் தப்பாக எழுதினால் அது காட்டிக்கொடுத்துவிடும். பேருந்தில் அம்மாவின் குடியைக் கேட்டபின் அப்பாவின் குடியையும் கேட்பது இந்த ஒன்பதாவது இலக்கத்தின் வேலையையும் செய்கிறது. கதைவிடுகிறவன் ஒரு பொய்யைச் சொல்லித் தப்பலாம். ஊர், அப்பா பெயர், இரண்டு குடி, அந்த ஊர்க் கோயிலில் அந்தக் குடிக்கு எந்தத் திருவிழா என்று எல்லாம் ஒன்றோடொன்று பொருந்தும்படி பொய் சொல்ல மகா சாமர்த்தியம் வேண்டும்.

அட்டைக்கும் குடிக்கும் இடையிலுள்ள வித்தியாசத்தை யுத்த காலத்தில் இந்த ஊர்க்காரர்கள் உடம்பால் அறிந்தார்கள். அடையாள அட்டையின் பின்பக்கத்தில் பிறந்த இடம் இருக்கும். கொழும்புச் சோதனைச் சாவடியில் அங்கே 'மட்டக்களப்பு' என்றிருந்தால் பலருக்கு அன்றைய பயணம் அத்தோடு முடிந்தது. 'எந்த ஊர்?' என்ற அதே கேள்விதான், பதிலும் பிட்டுகள்தான். கேட்டவர் அவற்றை வைத்து என்ன செய்யப்போகிறார் என்பது மட்டும் வேறு. 1990இல் இதே கரையில் தமிழர் என்றும் முஸ்லிம் என்றும் பிரித்துக் கொன்றபோது, இரு பக்கத்துக்கும் பொதுவான குடிமுறை ஒருவரையும் காப்பாற்றவில்லை. காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் கொல்லப்பட்ட முஸ்லிம்களும் சத்துருக்கொண்டானில் கொல்லப்பட்ட தமிழர்களும் அதற்குச் சாட்சி. அங்கே ஒரே ஒரு பிட் மட்டும் கேட்கப்பட்டது.

சமாதான காலத்திலும் இந்த யந்திரம் சுத்தமானது என்று நான் சொல்லமாட்டேன். எந்தக் குடி என்று கேட்பது பல வேளைகளில் எந்தச் சாதி என்று கேட்பதற்கு மரியாதையான வழி. ஒவ்வொரு சாதிக்கும் தனித்தனிக் குடிகள் இருப்பதால் விடை தானாக வந்து விழும். வந்தாறுமூலையில் கிழக்குப் பல்கலைக்கழகத்துக்குப் போகும் பிள்ளைகளில் சிலர் இந்தக் கேள்விக்குச் சிரித்து மழுப்புவதும், சிலர் தங்கள் குடி தெரியாது என்றே சொல்வதும் புரிந்துகொள்ளக்கூடியதே. தெரியாது என்பதும் ஒரு தகவல்தான்.

மாநகரங்கள் அந்நியரைக் கையாள வேறொரு வழியைக் கண்டுபிடித்திருக்கின்றன. 2018இல் இங்கிலாந்தின் யோர்க் பல்கலைக்கழக ஆய்வொன்று, ஒருவருக்குச் சராசரியாக 5,000 முகங்கள் தெரியும் என்று கணித்தது. பந்திக்கு 250 பேர் உட்காரும் கலியாணத்தில் இருபது பந்தி! ஆனாலும் கொழும்புக் கோட்டைப் புகையிரத நிலையத்தில் ஒரு காலைப்பொழுதுக்கு அது காணாது. ஆகவே நகரத்தார் ஒரு நுட்பம் பழகினார்கள். எதிரே வருபவரை ஒரு கணம் பார்ப்பது, 'நீ இருப்பது தெரியும், உன்னால் எனக்குப் பயம் இல்லை' என்று கண்ணால் சொல்வது, உடனே பார்வையை விலக்கிக்கொள்வது. சமூகவியலாளர் எர்விங் கோஃப்மன் 1963இல் இதற்கு ஒரு பெயர் வைத்தார்; நாம் 'நாகரிகப் பாராமை' எனலாம். தினமும் ஒரே மேடையில் நின்று, முகம் நன்றாகத் தெரிந்து, ஒரு சொல் பேசாதவர்களை மில்கிரம் 'பரிச்சயமான அந்நியர்' என்றார். 1970களின் தொடக்கத்தில் நியூயோர்க்கில் அவருடைய மாணவர்கள் நிலையத்தில் நிற்பவர்களைப் படமெடுத்து அவர்களிடமே காட்டியபோது, பெரும்பாலானோர் அதில் ஒருவரையாவது தெரியும் என்றார்கள். பேசியதில்லை. பெயர் தெரியாது.

இதைக் குளிர்ந்த மனம் என்று திட்டுவது எளிது. எனக்கு அதுவும் ஒரு மரியாதையாகவே படுகிறது, முக்கியமாகத் தன் ஊரையும் குடியையும் ஒரு நாளைக்காவது கழற்றி வைக்க விரும்புகிறவருக்கு. கல்லடிப் பாலத்தில் மாலைக் காற்று வாங்க வருகிறவர்களைக் கவனித்தால் இரண்டு முறைகளும் கலந்து நடப்பது தெரியும். முப்பதுக்குக் கீழே இருப்பவர்கள் பார்த்தும் பாராமல் போகிறார்கள். அறுபதைத் தாண்டியவர்கள் நின்று 'எவடம்?' என்கிறார்கள்.

இனி ஓர் உடைசல். மட்டக்களப்பின் உலகிப்போடி ஆண் ஒருவர் ரொறொன்ரோவிலோ சூரிச்சிலோ யாழ்ப்பாணப் பெண்ணைக் கட்டுகிறார். பிள்ளைக்கு எந்தக் குடி? எதுவுமில்லை. அப்பாவிடம் குடி இருக்கிறது, அதைக் கொடுக்கும் வழி அவரிடம் இல்லை. அம்மாவிடம் கொடுக்கும் வழி இருக்கிறது, கொடுக்கக் குடி இல்லை. அவருடைய அக்காவின் மகள் பிரான்சில் ஒரு பிரெஞ்சுக்காரரைக் கட்டினாலோ, அவளுடைய பிள்ளைக்குப் பிசகில்லாமல் குடி உண்டு. அந்தப் பிள்ளை தமிழே பேசாவிட்டாலும் விதிப்படி உலகிப்போடி.

குடி இல்லாத அந்த ரொறொன்ரோப் பிள்ளையும் முழுக்க வெளியே நிற்க வேண்டியதில்லை. அண்ணன், மச்சான் என்ற இரண்டு பெட்டிகளுக்குக் குடி கட்டாயமில்லை. இருவருக்கும் தெரிந்த மூன்றாவது ஆள் ஒருவர் கிடைத்தால் சரி. எங்கே, கணக்கைச் செய்து பாருங்கள். உங்களை ஒரு கலியாண வீட்டில் சந்திக்கிறேன். என் அம்மாவின் அம்மாவுக்கு ஓர் அண்ணன். அவருடைய மகள் உங்கள் அப்பாவுக்குத் தங்கச்சி முறை. நீங்கள் எனக்கு என்ன முறை?

அம்மம்மாவின் அண்ணன் மகள் என் அம்மாவுக்கு மச்சாள். அம்மாவின் மச்சாள் எனக்கு மாமி. மாமியின் அண்ணன் எனக்கு அப்பா வழியில் வருகிறார், பெரியப்பாவோ சித்தப்பாவோ. அவருடைய பிள்ளை நீங்கள். ஆகவே நாம் உடன்பிறப்பு முறை. கலியாணப் பேச்சுக்கு இடமில்லை. இன்னும் ஒரே ஒரு பிட்தான் குறைகிறது: நீங்கள் எந்த ஆண்டு பிறந்தீர்கள்?